பறிமுதல் என்ற ஒரே சொல்

‘மணல் கடத்திய டிராக்டர் பறிமுதல்.’ காவிரிக் கரையிலும் வைகைக் கரையிலும் வாழ்கிறவர்களுக்குப் பழகிப்போன செய்தித் தலைப்பு இது. காவலர் வண்டியைப் பிடித்து நிலையத்தில் நிறுத்துவதையும் பறிமுதல் என்கிறோம். விசாரணை முடிந்து நீதிமன்றம் அதை அரசுக்கே உடைமையாக்குவதையும் பறிமுதல் என்கிறோம். சட்டத்தில் இவை இரண்டும் வேறு வேறு செயல்கள். முன்னது ஓர் இரவில் முடிந்துவிடும். பின்னதற்கு எத்தனை ஆண்டு ஆகும் என்று பிடித்தவராலும் சொல்ல முடியாது, பறிகொடுத்தவராலும் சொல்ல முடியாது. அதுவரை வண்டி வெயிலிலும் மழையிலும் நிற்கிறது.

வழக்கு முடியும்வரை பொருளை யார் வைத்திருப்பது என்ற கேள்வி பழையது. 1898-ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 1923-இல் சேர்க்கப்பட்ட 516ஏ பிரிவு, அதை முடிவுசெய்யும் பொறுப்பை நீதிமன்றத்திடம் தந்தது. விரைவில் கெட்டுப்போகும் பொருளை விற்கவும் இடம் கொடுத்தது. 1973-ஆம் ஆண்டுச் சட்டத்தில் அதுவே 451-ஆவது பிரிவாயிற்று. இரும்பும் கெட்டுப்போகும் என்பதை நீதிமன்றங்கள் உணர்ந்து சொல்ல நெடுங்காலம் பிடித்தது. 2002-இல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம், வாகனங்களைக் காவல் நிலையத்தில் நெடுநாள் போட்டுவைப்பதால் யாருக்கும் பயனில்லை என்றது. படம் எடுத்து, மகஜர் எழுதி, பிணைப்பத்திரம் பெற்று உரியவரிடம் ஒப்படைக்கலாம். கைப்பற்றிய பொருள்கள் 15 நாள் முதல் ஒரு மாதத்துக்கு மேல் அங்கே தங்கக் கூடாது என்றும் வழிகாட்டியது.

ஆனால் ஆற்றின் பக்கமிருந்து பார்த்தால் நியாயம் வேறு. காலையில் விடுவித்த லாரி இரவில் மீண்டும் ஆற்றில் இறங்கினால் பிடித்ததற்கே பொருளில்லை. 1957-ஆம் ஆண்டுக் கனிமச் சட்டம் 1999-இல் திருத்தப்பட்டபோது, அனுமதியின்றிக் கனிமத்தை ஏற்றிச் செல்வதும் குற்றமாயிற்று. வாகனத்தை அரசுடைமையாக்க நீதிமன்றத்துக்கு அதிகாரமும் வந்தது. மணல் அள்ளுவது கனிமச் சட்டக் குற்றம் மட்டுமல்ல, திருட்டும்தான் என்று 2014-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2018-இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை ஒரு படி மேலே போய், மணல் கடத்தலில் சிக்கிய வாகனங்களைத் திருப்பித் தராமல் உடைமையாக்கும் நடவடிக்கையைத் தொடங்கச் சொன்னது. அந்தக் கடுமையின் பின்னே இருந்த கவலை எனக்கும் உண்டு. ஊற்றுத் தோண்டினால் நீர் சுரந்த ஆற்றில் இன்று களிமண் தெரிகிறது.

கடுமை போய்ச் சேரும் இடம்தான் வருத்துகிறது. கனிமச் சட்டத்தின் 22-ஆவது பிரிவின்படி, அதிகாரம் பெற்ற அலுவலர் எழுத்தில் புகார் தந்தால்தான் நீதிமன்றம் அந்தக் குற்றத்தை விசாரணைக்கு எடுக்க முடியும். காவல் துறை பதிந்த திருட்டு வழக்கு ஒரு மேசையில் இருக்கும். கனிமவளத் துறையின் புகார் இன்னொரு மேசையில் எழுதப்படாமலே இருக்கும். அபராதம் கட்டி இணங்கித் தீர்க்கும் வழி மூன்றாவது மேசையில். மாட்டுவண்டி பிடிபட்டால் பெரும்பாலும் மாடுகளை அவிழ்த்துக் கொடுத்துவிட்டு வண்டியை மட்டும் நிறுத்துகிறார்கள். மாட்டுக்குத் தீனி போட வேண்டும், வண்டிக்கு வேண்டாம் என்பதுதான் காரணம். ஆனால் அந்த மாடுகளுக்குத் தீனி வாங்கிக் கொடுத்தது அந்த வண்டிதானே! டிராக்டர் வைத்திருப்பவருக்கோ தவணை நிற்பதில்லை. பத்து லாரி ஓட்டுகிறவர் ஒன்றை இழந்தாலும் ஒன்பதைக் கொண்டு சமாளிப்பார். ஒற்றை வண்டிக்காரருக்கு, குற்றம் நிரூபணமாகும் முன்பே தண்டனை முடிந்துவிடுகிறது. விடுதலையாகி வந்தாலும் அவர் கையில் கிடைப்பது துருப்பிடித்த சட்டமும் வெடித்த டயரும்.

1973-ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 497-ஆவது பிரிவு நாள் கணக்கு வைத்திருக்கிறது. பொருள் நீதிமன்றத்தின் முன் வந்த 14 நாளுக்குள் விவர அறிக்கை, படம்; அதன்பின் 30 நாளுக்குள் அதை என்ன செய்வது என்ற உத்தரவு. வரவேற்கத்தக்கது. ஆனால் கணக்கு தொடங்குவது நீதிமன்றத்தின் முன் பொருள் வந்த பிறகு. பிடித்த அன்றே நடைச்சீட்டைச் சரிபார்த்து, ஏற்றியிருந்த மணலை அளந்து, அந்த வாரத்துக்குள் 22-ஆவது பிரிவின்கீழ்ப் புகாரைத் தாக்கல் செய்யும்படி மாவட்ட ஆட்சியர்கள் உத்தரவிட வேண்டும். இதற்குப் புதுச் சட்டம் எதுவும் தேவையில்லை.