துரையின் திண்ணையும் வழிகாட்டியின் கதையும்: கொங்கண் கடலோரச் சிறு குழுப் பயணங்கள் குறித்து

2025 ஜூலையில் மராட்டியர் காலப் படைக்கோட்டைகள் பன்னிரண்டு ஒரே தொகுதியாக யுனெஸ்கோவின் உலக மரபுப் பட்டியலில் சேர்க்கப்பட்டன. அவற்றுள் ஒன்று தமிழ்நாட்டின் செஞ்சி. கந்தேரி, சுவர்ணதுர்க், விஜயதுர்க், சிந்துதுர்க் ஆகிய நான்கும் கொங்கண் கடலோரத்தைச் சார்ந்தவை. இவ்வறிவிப்புக்கு முன்பே அலிபாக் தொடங்கிக் கோவா எல்லை வரையிலான கடலோரச் சாலை பயண நிறுவனங்களின் விருப்பமான தடமாகிவிட்டது. அண்மைக்காலமாக அந்நிறுவனங்கள் முன்னிறுத்தும் சொல் ‘சிறு குழு’ என்பது. எட்டுப் பேர் அல்லது பன்னிரண்டு பேர், ஒரு சிற்றுந்து, உடன் ஒரு வழிகாட்டி. பெருங்கூட்டத்தின் இரைச்சலும் இல்லை, தனிப்பயணத்தின் அலைக்கழிப்பும் இல்லை என்பது விளம்பரத்தின் சாரம்.

இவ்வேற்பாட்டை மேட்டுக்குடிப் பொழுதுபோக்கு என்று ஒதுக்கிவிடுவது ஆய்வுலகத்தாருக்கு எளிது. அவ்வாறு ஒதுக்கத் தேவையில்லை. சிறு குழு என்பது சொகுசின் அளவுகோலாக இருக்கும்வரை அதற்குத் தனிமதிப்பு ஏதுமில்லை. வழிகாட்டியிடம் கேள்வி கேட்கவும், அவர் ‘அதைப் பற்றி இருவேறு கருத்துகள் உள்ளன’ என்று விடையளிக்கவும் இடமளிக்கும்போதுதான் அதற்கு மதிப்பு உண்டாகிறது. ஐம்பது பேருக்கு ஒலிபெருக்கியில் சொல்லப்படும் செய்தியில் ஐயத்திற்கு இடமிருப்பதில்லை. பத்துப் பேர் ஒரு மதிலின் நிழலில் அமர்ந்து பேசும்போது ஐயம் இயல்பாக எழுகிறது. அவ்வையத்தைத் தீர்க்கும் கருவிகளை வழிகாட்டியின் கையில் சேர்க்கும் பொறுப்பு யாருடையது என்பதே ஆராயத்தக்க வினா.

விஜயதுர்க் கோட்டையை எடுத்துக்கொள்ளலாம். அங்கே ‘சாஹேபாச்சே கட்டே’ என்று மராத்தியில் வழங்கும் மேடைகள் உள்ளன. தமிழில் சொன்னால் துரையின் திண்ணைகள். 1868-ஆம் ஆண்டுச் சூரிய கிரகணத்தின்போது நார்மன் லாக்யர் என்னும் ஆங்கிலேய வானியலாளர் இங்கிருந்தே ஹீலியத்தைக் கண்டுபிடித்தார் என்று வருவோரிடம் சொல்லப்படுகிறது. ஆகஸ்டு 18-ஐ ஹீலியம் நாளாகக் கொண்டாடும் வழக்கமும் அவ்வூரில் உண்டு.

வரலாறு வேறு. 1868 ஆகஸ்டு 18 கிரகணத்தின்போது பிரெஞ்சு வானியலாளர் ஜான்சென் சூரியப் பிழம்புகளின் நிறமாலையை ஆராய்ந்தது ஆந்திரத்தின் குண்டூரில். சென்னை வானாய்வகத்தின் தலைவராயிருந்த நார்மன் போக்சன் அதே கிரகணத்தை மசூலிப்பட்டினத்திலிருந்து பார்த்தார். லாக்யர் அவ்வாண்டு இந்தியாவுக்கே வரவில்லை. அதே ஆண்டு அக்டோபரில், கிரகணம் எதுவுமின்றியே, இங்கிலாந்தில் இருந்தபடி சூரிய விளிம்பின் நிறமாலையை அவர் பதிவு செய்தார். அறியப்பட்ட எந்தத் தனிமத்துக்கும் பொருந்தாத மஞ்சள் கோடு குறித்த விவாதத்திலிருந்து ஹீலியம் என்னும் பெயர் பிறந்தது. பூமியில் அத்தனிமத்தை ராம்சே பிரித்தறிந்தது 1895-இல். லாக்யர் விஜயதுர்க்குக்கு வந்தது அதற்கும் பின்னர்: 1898 ஜனவரி 22 முழுக் கிரகணத்தைக் காண, கருவிகளோடும் பிரிட்டிஷ் கடற்படைக் கப்பலொன்றின் மாலுமிகளோடும். அங்கே வானியல் நடந்தது மெய். ஹீலியத்தின் கண்டுபிடிப்பு நடக்கவில்லை. முப்பது ஆண்டு இடைவெளியுள்ள இரு கிரகணங்கள் மக்கள் நினைவில் ஒன்றாகிவிட்டன.

இப்பிழைக்காக வழிகாட்டியைக் குறைகூறுவது நேர்மையன்று. அவர் ஊராரிடமும் துண்டறிக்கைகளிலும் இணையத்திலும் கிடைத்ததைச் சொல்கிறார். 1898-ஆம் ஆண்டுப் பயணத்தின் அறிக்கை ஆங்கில அறிவியல் இதழ்த் தொகுதிகளில் கிடக்கிறது. அதை மராத்தியிலோ மால்வணியிலோ இரண்டு பக்கமாகச் சுருக்கிக் கோட்டை வாயிலில் ஒட்டுவது கடினமான செயலன்று. ஆயினும் அதனால் எவருக்கும் பதவி உயர்வுக்கான மதிப்பெண் கிடைப்பதில்லை. உண்மைக் கதையோ பொய்க் கதையினும் சுவையானது. குண்டூர், மசூலிப்பட்டினம், விஜயதுர்க் ஆகிய மூன்று ஊர்களையும், சென்னையில் பணியாற்றிய ஓர் அலுவலரையும், காலனிய அறிவியலின் கடற்படைத் துணையையும் அது ஒரே சரட்டில் கோக்கிறது. மாணவர் குழு ஒன்று அந்தத் திண்ணைமீது அமர்ந்து கேட்பதற்கு இதனினும் பொருத்தமான பாடம் அரிது.

ரத்னகிரியில் வேறொரு வகைக் குறையைக் காணலாம். அங்கே சொல்லப்படுவது பிழையாக இருப்பதைவிடச் சொல்லப்படாமல் விடுபடுவது மிகுதி. நகரின் மேட்டில் உள்ள தீபா அரண்மனை பெரும்பாலான பயணத்திட்டங்களில் சூரிய மறைவைக் காணும் இடத்தோடு இணைத்து அரைமணி நேரத்தில் முடிக்கப்படுகிறது. பர்மாவின் கடைசி மன்னர் தீபா 1885-ஆம் ஆண்டுப் போரில் அரசிழந்து, முதலில் சென்னைக்கும் பின்னர் ரத்னகிரிக்கும் கொண்டுவரப்பட்டார். அரண்மனை கட்டி முடிக்கப்பட்டது 1910 வாக்கில். 1916-இல் அவர் அவ்வூரிலேயே இறந்தார். அதற்கு ஒரு தலைமுறை முன்பு, தில்லியின் கடைசி முகலாய மன்னர் பகதூர் ஷா ஜாபர் ரங்கூனுக்கு நாடுகடத்தப்பட்டு 1862-இல் அங்கே இறந்தார். ஒரு பேரரசு தன்னிடம் தோற்ற மன்னர்களைக் கடல் கடந்து இடம் மாற்றிவைத்த முறையைப் புரிந்துகொள்ள ரத்னகிரியைவிடத் தகுந்த இடம் இல்லை. அங்கிருந்து தெரியும் கடல், சிறைக்காவலின் ஒரு பகுதியாகவும் இருந்தது. அதைச் சொல்லாமல் சூரிய மறைவை மட்டும் காட்டும் பயணம் பாதிப் பயணமே.

‘காட்சிக்கினிய கடலோரம்’ என்னும் தொடரே கண்ணைச் சாலையின் ஒரு பக்கத்திற்கு மட்டும் திருப்புகிறது. மேற்கே கடல் இருக்கிறது. பயணிகள் படம் எடுக்கிறார்கள். கிழக்கே ‘சடா’ என்று மராத்தியில் வழங்கும் செம்பூராங்கல் மேட்டுநிலம் இருக்கிறது; கோடையில் கருகிக் கிடப்பதால் அது எவர் கண்ணிலும் படுவதில்லை. அந்தப் பாறைப்பரப்பில்தான் ‘காதள்சில்ப்’ எனப்படும் செதுக்கோவியங்கள் உள்ளன. யானை, புலி, திருக்கை மீன், மனித உருவம், பொருள் விளங்காத வடிவக் கோலங்கள் ஆகியவை கிடைமட்டமான பாறையில் கீறப்பட்டுள்ளன. காசேளியில் உள்ள யானை உருவம் பல மீட்டர் நீளமுடையது. அருகில் நின்று பார்ப்பவருக்கு அது யானை என்று விளங்கவே சற்று நேரமாகும். உக்ஷி, ஜாம்பருண், காசேளி, பார்சு உள்ளிட்ட ரத்னகிரி மாவட்டத்தின் ஏழு இடங்களும், சிந்துதுர்க் மாவட்டத்தில் ஒன்றும், கோவாவில் ஒன்றுமாக ஒன்பது இடங்கள் 2022-இல் யுனெஸ்கோவின் உத்தேசப் பட்டியலில் சேர்ந்தன. இவற்றுள் மிகப் பலவற்றைத் தேடிக் கண்டு ஆவணப்படுத்தியோர் பல்கலைக்கழகத் துறையினர் அல்லர். உள்ளூர் ஆர்வலர்களும், ஆடுமாடு மேய்ப்போர் காட்டிய வழியும் அதற்குத் துணைநின்றன.

அரசுப் பதிவேடுகளில் இத்தகைய மேடுகள் ‘தரிசு’ என்று குறிக்கப்படுவது வழக்கம். தரிசு என்றாகிவிட்டால் அங்கே கல் வெட்டலாம், தொழிற்சாலை எழுப்பலாம். 2023 ஏப்ரலில் பார்சுவில் எண்ணெய்ச் சுத்திகரிப்பாலைத் திட்டத்துக்கான மண்ணாய்வை எதிர்த்து ஊர்மக்கள் வெயிலில் பாறைமீது அமர்ந்தபோது, அந்த மேட்டில் செதுக்கோவியங்கள் இருப்பதை நாட்டின் பிற பகுதியினருள் பலர் முதன்முதலாக அறிந்தனர். அத்திட்டம் வேண்டுமா வேண்டாவா என்பது தனி விவாதம். ஓரிடத்தின் பெறுமதி அறியப்படாமலேயே அதன் முடிவு தீர்மானிக்கப்படும் வாய்ப்பு இருந்தது என்பதுதான் இங்கே கருதத்தக்கது. பத்துப் பேர் கொண்ட குழு ஒரு காலைப்பொழுதை அப்பாறையில் செலவிட்டு, அதன் காலம் குறித்து இன்னும் முடிவான கருத்தில்லை என்பதையும் கேட்டுத் திரும்பினால், ‘தரிசு’ என்னும் சொல்லை அவர்கள் பழையபடி எளிதாகப் பயன்படுத்தமாட்டார்கள்.

சிறு குழுப் பயணம் எவ்வாறு அமையலாம் என்பதற்கு அதே மாவட்டத்தின் வேளாஸ் கிராமம் சான்று. அக்கரைக்குப் பங்குனி ஆமைகள் முட்டையிட வருகின்றன. 2000-களின் தொடக்கத்தில் சிப்ளூணைச் சேர்ந்த சஹ்யாத்ரி நிசர்க மித்ர அமைப்பு ஊராரோடு சேர்ந்து முட்டைகளைப் பாதுகாக்கத் தொடங்கியது. பின்னர் அதுவே ஆமைத் திருவிழாவாக வளர்ந்தது. குஞ்சுகள் வெளிவரும் நாள்களில் பயணிகள் ஊரார் வீடுகளில் தங்குகின்றனர். வீட்டுப் பெண்கள் சமைத்ததை உண்கின்றனர். காலையிலும் மாலையிலும் கயிற்றுக்குப் பின்னே நின்று, குஞ்சுகள் கடலை அடைவதைப் பார்க்கின்றனர். சில நாள்களில் ஒரு குஞ்சும் வெளிவருவதில்லை. அன்று பயணிகள் வெறுங்கையோடு திரும்ப வேண்டியதுதான். இயற்கை தன் நேரத்தை மாற்றிக்கொள்ளாது என்பதை எந்த மழுப்பலுமின்றிச் சொல்லும் அந்த ஏற்பாடு, காட்சியை உறுதியளித்து விற்கும் பயணங்களிலிருந்து அடிப்படையில் வேறானது. அங்கே கயிற்றைப் பிடித்து நிற்பவர் ஊர்க்காரர். எத்தனை பேரை எவ்வளவு தொலைவில் நிறுத்துவது என்பதை அவரே தீர்மானிக்கிறார்.

இதற்கு எதிராக இரு வாதங்கள் வரக்கூடும். முதலாவது, சிறு குழு என்றாலே விலை மிகுதி. எனவே மாணவர்க்கு எட்டாதது என்பது. விலையை உயர்த்துவது குழுவின் சிறுமையன்று. குளிரூட்டிய ஊர்தியும் கடல்நோக்கிய விடுதியும்தான். கொங்கண் ரயில் கடலோரத்திற்கு இணையாக ஓடுகிறது. மாநிலப் போக்குவரத்துக் கழகத்தின் சிவப்புப் பேருந்துகள் சிற்றூர்களையும் தொடுகின்றன. 2023 மார்ச் முதல் அவற்றில் பெண்களுக்குப் பாதிக் கட்டணம். ரயில், பேருந்து, ஊரார் வீட்டில் தங்கல், உள்ளூர் வழிகாட்டிக்கு முறையான ஊதியம் என்று திட்டமிட்டால் ஒரு துறையின் களப்பயண நிதிக்குள்ளேயே இது அடங்கும். ஐம்பது மாணவரை ஒரே பேருந்தில் ஏற்றி, கோட்டை வாயிலில் குழுப்படம் எடுத்துத் திரும்பும் வழக்கத்தைவிட, நான்கு குழுக்களாகப் பிரித்து நான்கு வாரங்களில் அனுப்புவது பயன்மிக்கது.

இரண்டாவது வாதம் கனமானது. வழிகாட்டியோடு செல்வோர் அவர் கண்ணால் மட்டுமே காண்பர். தாமே அலைந்து காண்பதுதான் ஆய்வாளர்க்கு அழகு என்பது. இதில் உண்மையுண்டு. ஆயினும் தனியே அலைபவரும் வழிகாட்டியின்றிச் செல்வதில்லை. அவருடைய வழிகாட்டி கைப்பேசி வரைபடமும் அதன் நட்சத்திர மதிப்பீடுகளும்தான். அந்த வழிகாட்டியிடம் எதிர்க்கேள்வி கேட்க இயலாது. பூட்டிய வீடுகள் ஏன் இத்தனை என்று அதனிடம் கேட்டால் விடை வராது. ஊர்க்காரரிடம் கேட்டால், மும்பை ஆலைகளுக்கு வேலைக்குச் சென்ற தலைமுறைகள், 1982 வேலைநிறுத்தத்திற்குப் பின் நேர்ந்தவை, விநாயக சதுர்த்திக்கும் ஷிம்காவுக்கும் மட்டும் திறக்கும் கதவுகள், ‘சாக்கர்மானி’ என்று ஊர் அவர்களை அழைக்கும் பெயர் என ஒரு முழு இடப்பெயர்வு வரலாறு கிடைக்கும்.

பயணிகளின் விருப்பத்திற்கும் ஓர் எல்லை உண்டு. தாபோள், ஜய்கட் போன்ற கழிமுகங்களை இப்போது ஜங்கார் எனப்படும் மிதவைப் படகுகளில் ஊர்தியோடு கடக்கின்றனர். பயணத்தின் இனிய பகுதி அதுவே எனப் பலர் கூறுவர். கடலோர நெடுஞ்சாலைத் திட்டத்தில் இக்கழிமுகங்களுக்குப் பாலங்கள் வரவிருக்கின்றன. பாலம் வேண்டாம் என்று சொல்லும் உரிமை, மருத்துவமனைக்கும் கல்லூரிக்கும் நாள்தோறும் கடக்க வேண்டியவர்க்கு உண்டேயன்றி, ஆண்டுக்கொரு முறை வருபவர்க்கு இல்லை. அதுபோலவே, ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை மேற்குக் கரையில் விசைப்படகு மீன்பிடித் தடை நிலவும்போது, மழைக்காலப் பசுமையைக் காண வந்தவர் அன்று பிடித்த மீனைத் தட்டில் எதிர்பார்ப்பதும் முறையன்று. இவற்றையெல்லாம் எடுத்துச் சொல்லும் துணிவு வழிகாட்டிக்கு வரவேண்டுமாயின், அவருடைய வருவாய் பயணியின் அன்பளிப்பையும் கடைக்காரர் தரும் கழிவையும் நம்பியிருக்கக் கூடாது.

கல்வி நிறுவனங்கள் செய்யக்கூடியவை சில உள்ளன. களப்பயணத்தில் துணைநிற்கும் உள்ளூர் வழிகாட்டியை ஓட்டுநர் செலவுக் கணக்கில் சேர்க்காமல், சிறப்புரையாளருக்குரிய மதிப்பூதியத்துடன் அழைக்கலாம். ஓரிடம் குறித்து ஆய்வேடு எழுதுவோர், அதன் இரண்டு பக்கச் சுருக்கத்தை அவ்விடத்து மக்களின் மொழியில் தருவதைப் பட்ட விதிமுறையாகவே ஆக்கலாம். மேய்ப்பரும் மீனவரும் படகோட்டியும் தந்த செய்திகளை, அவர்கள் இசைந்தால், பெயரோடு நன்றியுரையில் குறிப்பிடலாம். மூன்றும் பெருஞ்செலவு கோருபவை அல்ல. உலக மரபுப் பட்டியலுக்குப் பின் விஜயதுர்க்குக்கு வரும் கூட்டம் பெருகத்தான் போகிறது. வரும் ஜனவரிக்குள் துரையின் திண்ணை அருகே 1898 என்னும் ஆண்டைத் தாங்கிய ஒரு மராத்திப் பலகை நிற்குமாயின், அது அவ்வூரின் பெருமையைக் குறைக்காது.