வரி கட்டினால் குளம் சொந்தமாகிவிடுமா?

‘ஏரி, குளங்களில் வீடு கட்டி முப்பது வருடமாகக் குடியிருக்கிறார்கள், வீட்டு வரி கட்டுகிறார்கள், மின் இணைப்பும் இருக்கிறது, சந்தை விலையை வாங்கிக்கொண்டு பட்டா கொடுத்துவிட்டால் பிரச்சினை முடியும்’ என்கிறார் நண்பர் ஒருவர். இந்த யோசனை புதிதல்ல. பஞ்சாபில் பாட்டியாலா மாவட்டத்துக் கிராமம் ஒன்றில் பொதுக் குளத்தைத் தூர்த்து வீடு கட்டியவர்களுக்கு, நிலத்தின் விலையை வாங்கிக்கொண்டு கொடுத்துவிடலாம் என்று கலெக்டரே சொன்னார். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. நீண்ட காலம் இருந்ததும், பெரும்பணம் செலவழித்ததும், அரசியல் செல்வாக்கும் ஆக்கிரமிப்பை வரன்முறைப்படுத்தக் காரணமாகாது என்று 2011 ஜனவரியில் இந்த ஜக்பால் சிங் வழக்கில் நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

நம்மூரில் ‘பி மெமோ’வைப் பத்திரம்போலப் பெட்டியில் பூட்டி வைக்கிறார்கள். 1905ஆம் ஆண்டு ஆக்கிரமிப்புச் சட்டப்படி அது ஆக்கிரமித்ததற்கான தீர்வை நோட்டீஸ். குற்றப்பத்திரிகையை உரிமைச்சான்று ஆக்குவது எந்த ஊர் நியாயம்?

ஏழைகள் பாவமில்லையா என்கிறார் நண்பர். பாவம்தான். அதே தீர்ப்பு நிலமற்ற தொழிலாளர்களுக்கும் பட்டியலினத்தவருக்கும் அரசு குத்தகை கொடுத்த இடங்களுக்கு விலக்கு வைத்திருக்கிறது. குடிசைக்காரருக்கு மாற்று இடம் கேட்டு நண்பர் எழுதட்டும், நானும் கையெழுத்துப் போடுகிறேன். ஏரிக்குள் கல்யாண மண்டபம் கட்டியவருக்கு அந்தக் குடிசையைக் கேடயமாக்க வேண்டாம்.