‘சிவில் மேட்டர்’ என்று கைகழுவ விடமாட்டோம்!



சிங்கப்பெருமாள் கோவிலிலிருந்து ஒரகடம் போகும் ரோட்டில் நிலம் என்ன விலை போகிறது என்று உங்களுக்கே தெரியும். மறைமலை நகரில் கம்பெனிகள் வந்தன, மகேந்திரா சிட்டி வந்தது, 2019-ல் செங்கல்பட்டு தனி மாவட்டமும் ஆகிவிட்டது. முக்கால் ஏக்கர், ஒரு ஏக்கர் வைத்திருப்பவன் வரப்பில் இன்று நெல் வியாபாரி வந்து நிற்பதில்லை. கல் நடுகிறவன் வந்து நிற்கிறான்.

ஸ்டேஷனுக்கு ஓடுகிறோம். “இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்க” என்கிறார்கள். கோர்ட்டுக்குப் போய் தடை உத்தரவு வாங்கி வந்து நீட்டினாலும் அதே “சிவில் மேட்டர்” தான்! உத்தரவு நம் சட்டைப் பையில் இருக்கிறது, ஜே.சி.பி. நம் கழனியில் நிற்கிறது.

முதலில் சொன்ன பதிலில் நியாயம் உண்டு. நிலம் யாருடையது என்று தீர்மானிக்கும் வேலையை இன்ஸ்பெக்டரிடம் கொடுத்தால் நம்மைப் போன்றவனுக்குத்தான் முதல் ஆபத்து. 2006-ல் முரளிதரன் வழக்கில் (கேரளத்தில் ஒரு ஆசிரம நிர்வாகத் தகராறு) சுப்ரீம் கோர்ட்டும் இதைத்தான் சொன்னது: உரிமையே தகராறில் இருக்கும்போது ரிட் போட்டு போலீஸ் பாதுகாப்பு கேட்காதே, சிவில் கோர்ட்டில் முடிவு செய்துகொண்டு வா. ஆகவே “நேரா ஐகோர்ட்ல போட்டுடலாம்” என்று யாராவது பீஸ் கேட்டால் யோசித்துக் கொடுங்கள்.

இரண்டாவது பதிலைத்தான் நாம் ஏற்க முடியாது. தடை உத்தரவு வந்த பிறகு அது வெறும் தகராறு அல்ல, கோர்ட் கட்டளை. அதை மீறினால் அதே வழக்கில், சிவில் நடைமுறைச் சட்டம் 151-வது பிரிவில், உத்தரவை அமல்படுத்த போலீஸ் பாதுகாப்பு கேட்டு மனு போடலாம். கூடவே ஆர்டர் 39 ரூல் 2-ஏ-யிலும் மனு போடுங்கள். மீறியவன் சொத்தை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறையிலும் வைக்கலாம்.

ஆனால் வெறுங்கையோடு போனால் மனு நிற்காது. பட்டா ஒன்றை மட்டும் நம்பாதீர்கள். அனுபவத்தைக் காட்ட அடங்கல், தீர்வை ரசீது, சொசைட்டி பயிர்க்கடன் பாஸ்புக், பம்புசெட் கரண்ட் கார்டு எல்லாம் வேண்டும். நிலைத்த அனுபவத்தில் இருப்பவனைச் சட்டப்படி அன்றி வெளியேற்றக் கூடாது என்று ராமே கவுடா வழக்கில் 2003 டிசம்பரில் சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்கிறது. அத்துமீறல் நடந்த நாள், நேரம், போட்டோ, ஸ்டேஷனில் கொடுத்த மனுவின் சி.எஸ்.ஆர். ரசீது எதையும் விடாதீர்கள். பலவந்தமாக வெளியேற்றியே விட்டாலும், ஆறு மாதத்துக்குள் தனி நிவாரணச் சட்டம் 6-வது பிரிவில் வழக்குப் போட்டால் பத்திரம் காட்டாமலே அனுபவத்தைத் திரும்பப் பெறலாம்.

எதிராளியும் சும்மா இருக்க மாட்டான். அவனும் போலீஸ் பந்தோபஸ்தோடு வருவான். பயந்து ஒதுங்காமல் உத்தரவு நகலைக் கேட்டு வாங்கிப் படியுங்கள். அளப்பதற்குப் பாதுகாப்பு என்று எழுதியிருந்தால் அளக்கத்தான்; வேலி போட அல்ல! வாசனை அடிக்கும்போதே செங்கல்பட்டு கோர்ட்டில் கேவியட் போட்டு வையுங்கள், 90 நாள் செல்லும்.

இதில் இன்னொரு கொடுமை, சில வழக்குகளில் பந்தோபஸ்துச் செலவை மனுதாரரே கட்டச் சொல்லி உத்தரவாகிறது. ஜே.சி.பி. வைத்திருப்பவனுக்கு அது டீக்காசு. நமக்கு ஒரு போகம்.

நாம் கேட்பது இவ்வளவுதான். தடை உத்தரவு நகல் கொடுத்த அன்றே ஸ்டேஷனில் ரசீது தர வேண்டும். நடவடிக்கை எடுக்க முடியாது என்றால் காரணத்தை எழுத்தில் தர வேண்டும். சிறு, குறு விவசாயியிடம் பந்தோபஸ்துக் கட்டணம் வாங்கக் கூடாது.

அடுத்த விவசாயிகள் குறைதீர்க்கும் நாளில் கலெக்டரிடம் இதை மனுவாகக் கொடுக்கிறோம். தடை உத்தரவு வைத்திருப்பவர்கள் சான்றிட்ட நகலோடு வாருங்கள். ஜெராக்ஸ் ஒன்று சங்கத்தில் இருக்கட்டும். வக்கீல் வைக்க வசதியில்லாத பெண்கள், எஸ்.சி., எஸ்.டி. விவசாயிகளுக்கு 1987 சட்டப்படி சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வக்கீல் தர வேண்டும், வருமானம் பார்க்க மாட்டார்கள். மனு எழுத நாங்கள் கூட வருகிறோம்.