சொந்த இறுவட்டுக்கு ஒரு பிரதி

பள்ளிவாசல்துறை போன்ற கரையோர ஊர்களில் உப்புக்காற்று எதையும் விட்டுவைப்பதில்லை. அங்கே பழைய பிளேஸ்டேஷன் 2 ஒன்றை இன்னமும் வைத்திருப்பவர், தேய்ந்த லென்ஸோடும் கீறல் விழுந்த இறுவட்டுகளோடும் மல்லுக்கட்ட வேண்டும். 2000இல் வந்த அக்கருவியின் உற்பத்தி நின்றுவிட்டதை 2013 தொடக்கத்திலேயே சோனி உறுதிப்படுத்திவிட்டது. இப்போது கைகொடுப்பது ஆர்வலர்கள் எழுதிய மென்பொருள்தான். 'ஃப்ரீ எம்சிபூட்' பதிந்த நினைவக அட்டையைச் செருகி, 'ஓபன் பிஎஸ்2 லோடர்' வழியாக, பிரதியெடுத்த ஆட்டத்தை யூ.எஸ்.பி.யிலிருந்து இயக்கலாம். (வேகம் குறைவு; இடையில் வரும் காட்சிகள் திக்கித் திணறும்.)

இதையும் திருட்டு என்போர் உளர். எனக்கு உடன்பாடில்லை. இலங்கையின் 2003ஆம் ஆண்டு 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம், கணினி நிரலை முறையாக வாங்கியவர், அது பழுதானால் பயன்படுத்த ஒரேயொரு பிரதி எடுத்துவைக்க இடமளிக்கிறது. விளையாட்டும் நிரல்தானே? ஆனால் பிரதியைச் சந்தையில் விற்பவர் இச்சட்டத்தின் நிழலில் ஒதுங்க முடியாது. மூல இறுவட்டை விற்பவர் பிரதியையும் அழித்துவிடவேண்டும்.