வாபஸ் வாங்கினா வித்துட்டான்னு அர்த்தமா?

ஒரகடம் பக்கம் நிலம் போன விவசாயி ஒருத்தர் ஹைகோர்ட் வழக்கை வாபஸ் வாங்கினா போதும், "பணத்தை வாங்கிக்கிட்டு ஒதுங்கிட்டான்"னு பட்டணத்துல தீர்ப்பு எழுதிடுவாங்க. சிங்கப்பெருமாள் கோவிலைச் சுத்தி இருக்கிற எங்களுக்கு இந்தப் பேச்சு பழகிப்போச்சு. பழகிட்டதால அது சரியாகிடுமா?

நிலமெடுப்பில் ரெண்டு சண்டை உண்டு. எடுத்ததே செல்லாது என்பது ஒண்ணு. கொடுத்த தொகை பத்தாது என்பது இன்னொண்ணு. முதல் சண்டைக்குத்தான் ரிட் மனு. தொகைச் சண்டையில் கிணறு, மரம், பக்கத்து நிலத்துக் கிரயம் எல்லாத்துக்கும் சாட்சியும் பத்திரமும் வச்சு நிரூபிக்கணும். அதுக்கு ரிட் சரியான இடமில்லை. 2013 நிலமெடுப்புச் சட்டத்தின் 64-வது பிரிவுப்படி கலெக்டருக்கு எழுதிக் கொடுத்து, உரிய ஆணையத்துக்கு அனுப்பச் சொல்லணும். அவார்டு சொன்ன அன்னைக்கு நேரில் இருந்தவருக்கு ஆறு வாரம்தான் கெடு. அது தாண்டினா, தக்க காரணம் காட்டி கலெக்டரை ஒத்துக்க வைக்கணும். சிப்காட்டுக்காக 1997 மாநிலச் சட்டத்தில் எடுத்தா, அதுக்குத் தனி வழி. ஆக, தொகைக்காக ரிட் போட்டவர் அதை வாபஸ் வாங்கிட்டு சரியான வாசலுக்குப் போறது புத்திசாலித்தனம். ஓடிப்போறது இல்லை.

ஆபத்து வேற இடத்துல இருக்கு. வாபஸ் உத்தரவில் "மேற்கொண்டு பரிகாரம் தேட உரிமை தரப்படுகிறது"ன்னு ஒரு வரி இருக்கணும். வக்கீல்கள் பேச்சில் அதுதான் 'லிபர்ட்டி'. 1986-ல் சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் சுப்ரீம் கோர்ட் தெளிவாச் சொல்லிடுச்சு: அனுமதி வாங்காம ரிட்டை வாபஸ் வாங்கினா, அதே விஷயத்துக்கு மறுபடி ஹைகோர்ட்டில் ரிட் போட முடியாது. சிவில் வழக்கு மாதிரி வேற பரிகாரத்துக்கு அந்தத் தடை இல்லை. சிவில் வழக்கையே வாபஸ் வாங்கினாலும் கதை அதேதான். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 23-வது கட்டளைப்படி, அனுமதி இல்லேன்னா அதே விஷயத்துக்குப் புது வழக்கு கிடையாது.

அனுமதி கிடைச்சாலும் காலக்கெடு தானா நீளாது. 1963 காலவரையறைச் சட்டத்தின் 14-வது பிரிவுப்படி, அதிகார வரம்பு இல்லாத கோர்ட்டில் நல்லெண்ணத்தோட நடத்தின நாட்களைத்தான் கழிச்சுக்கலாம். அதனால எதுக்காக வாபஸ் என்கிற காரணமும் உத்தரவில் ஏறணும்.

இப்ப என் கோபத்துக்கு வரேன். மூணு தலைமுறை நிலத்தோட கதி ஒரே ஒரு இங்கிலீஷ் வரியில தொங்குது. அந்த வரி இருக்கா இல்லையான்னு நிலத்துக்காரருக்கே தெரியாது. உயர் நீதிமன்றத்தில் தமிழ் வேணும்னு 2006-ல் சட்டமன்றம் தீர்மானம் போட்டுச்சு. இன்னும் அங்க வாதமும் உத்தரவும் இங்கிலீஷ்லதான். சரி, அது வரும்போது வரட்டும். வாபஸ் மனுவுல கையெழுத்து வாங்குறதுக்கு முன்னாடி, "இந்தக் கதவு மூடுது, அந்தக் கதவு திறக்குது, இத்தனை நாள் இருக்கு"ன்னு தமிழ்ல ஒரு தாள் எழுதிக் கொடுக்க வக்கீலுக்கு எந்தத் தீர்மானமும் வேண்டாமே!

பட்டணத்து நண்பர்களே, அடுத்த தடவை ஒரு விவசாயி வழக்கை வாபஸ் வாங்கினார்னு படிச்சா, எவ்வளவு வாங்கினார்னு கேட்காதீங்க. உத்தரவுல லிபர்ட்டி இருக்கான்னு கேளுங்க. இல்லேன்னா, உங்களுக்குத் தெரிஞ்ச வக்கீல்கிட்ட அன்னைக்கே பேசச் சொல்லுங்க.