வெளியேறியவனை மீட்கும் ஆட்டம்



சடுகுடு என்றதும் தொடை தட்டி வரும் வலிய உடலே நம் நினைவுக்கு வருகிறது. ஆயினும் பெரியபட்டினம் போன்ற நம் கடற்கரை ஊர்களில், மணலில் கோடு கிழித்துப் பிள்ளைகள் ஆடும் அவ்வாட்டத்தை ஊன்றி நோக்குவோர்க்கு வேறோர் உண்மை விளங்கும். பாடி வருகிறவன் எத்துணைப் பலசாலியாயினும் எதிரணியின் எல்லைக்குள் தனித்தே நுழைய வேண்டும். அவனை மடக்கப் பயில்வான் தேவையில்லை. ஒருவன் கணுக்காலைப் பற்ற, கைகோத்த இருவர் வழிமறிக்க, மற்றவர் அக்கணமே சூழ்ந்துகொண்டால் போதும். பெயர் வாங்கும் ஆசையால் எவனாவது முந்திப் பாய்ந்தால் வரிசை உடையும், ஆட்டமும் போகும்.

ஆசிய விளையாட்டுப் போட்டிகளில் கபடி 1990-இல் பீஜிங்கில் சேர்க்கப்பட்டது. அன்று முதல் 2014 வரை ஏழு முறையும் ஆடவர் தங்கம் பாரதத்துக்கே கிடைத்தது. 2018-இல் ஜகார்த்தாவில், அரையிறுதியில் ஈரான் 27-18 என்று நம்மை வென்றது. மகளிர் இறுதியாட்டத்திலும் ஈரானே 27-24 என வெற்றி பெற்றது. அம்மகளிரைப் பயிற்றுவித்தவர் நம் நாட்டுப் பெண்மணியாகிய சைலஜா ஜெயின் என்பது கருதத்தக்கது. புகழ்பெற்ற வீரர்களுக்கு நம்மிடம் பஞ்சமில்லை. ஆனால் புகழ்பெற்ற பெயர்களைக் கூட்டினால் மட்டும் அணி அமைந்துவிடாது. 2023-இல் ஹாங்சோவில் இரு தங்கங்களையும் நாம் மீண்டும் பெற்றோம்.

இவ்வாட்டத்தின் விதிகளுள் ஒன்று நம் உள்ளத்தைத் தொடுகிறது. தொடப்பட்டு வெளியேறியவன் தன் பலத்தால் உள்ளே திரும்ப இயலாது. களத்தில் நிற்கும் தோழர்கள் எதிரணியில் ஒருவனை வீழ்த்தினால்தான் அவனுக்கு மறுவாழ்வு. அதிலும் முதலில் வெளியேறியவனே முதலில் திரும்புகிறான்.

நம் குடும்பங்களிலும் பங்கிலும் எல்லைக்கு வெளியே அமர்ந்திருப்போர் இல்லையா? குடியால் கெட்டவர், கடனில் மூழ்கியவர், உடன்பிறந்தாரோடு பிணங்கிக் கோவில் வாசலை மிதிக்காதவர் எனப் பலர் உளர். “திருந்தி வரட்டும், பிறகு பார்ப்போம்” என்று நாம் சொல்லிவிடுகிறோம். தனியே எழ வல்லவராயின் அவர் என்றோ எழுந்திருப்பார் அல்லவா? ஓர் உறுப்புத் துன்புற்றால் உடல் முழுவதும் துன்புறும் என்று புனித சின்னப்பர் கொரிந்தியருக்குக் கற்பித்தது வாசகமாகக் கேட்டு மறப்பதற்கன்று.

ஆகவே இம்மாதம் ஒவ்வொரு குடும்பமும் அத்தகைய ஒருவரை நினைவில் கொள்வோம். நெடுநாளாய் மறக்கப்பட்டவரே முதலில் நம் நினைவுக்கு வரட்டும். மாலைச் செபமாலையில் அவருக்காக மன்றாடுவோம். பின்னர், ஆண்டவர் தம் சீடரை இருவர் இருவராக அனுப்பியதுபோல, நாமும் இருவராக அவர் இல்லம் செல்வோம். அறிவுரை கூறுவதற்கன்று, உடன் அமர்ந்து ஒருவேளை உணவு உண்பதற்கு. அவர் இடம் இன்னும் காலியாகவே இருக்கிறது என்பதை அவர் அறிந்தால் போதும்.