பாம்புச் சட்டையைப் பிடித்து இழுக்காதீர்கள்

புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்தவன் நான். பாம்பு சட்டை உரிப்பதற்கும் பையன்களுக்குக் குரல் உடைவதற்கும் அந்த மொழியில் ஒரே சொல்: 'மியூ'. குரல் உடைகிற பையனை நாம் அவசரப்படுத்துவதில்லை. சட்டை உரிக்கிற பிராணியையும் அப்படித்தான் விட வேண்டும் என்பது என் கட்சி.

காட்டுப்பள்ளிப் பக்கமும் இகுவானா, ஆப்பிரிக்க மலைப்பாம்பு வளர்க்கும் ஆசை வந்துவிட்டது. ஒரு பக்கம் கடல், மறுபக்கம் பக்கிங்காம் கால்வாய். இங்கே காற்றில் ஈரத்துக்குப் பஞ்சமில்லை. ஆனால் கூண்டு இருப்பதோ ஏசி அறையில். அங்கே காற்று உலர்ந்துபோகிறது, தோல் ஒட்டிக்கொள்கிறது.

உரிப்பதற்குச் சில நாள் முன்பு பாம்பின் கண் பால்போல் வெளுக்கும். அப்போது அதைத் தூக்கிக் கொஞ்ச வேண்டாம். ஈரத்துணி போட்ட ஒரு பெட்டி, உரசிக்கொள்ள ஒரு சொரசொரப்பான கல், இவை போதும். அப்படியும் ஒட்டியிருந்தால், ஆழமில்லாத வெதுவெதுப்பான நீரில் சிறிது நேரம், நம் கண் எதிரே விடலாம். பிய்த்தால் அடியிலுள்ள புதுத்தோல் கிழியும். கண்மேல் ஒட்டிய செதிலைத் தொடவே கூடாது. அது கால்நடை மருத்துவர் வேலை. இகுவானாவின் விரலிலும் வால் நுனியிலும் பழைய தோல் வளையமாக இறுகினால் ரத்தம் போகாமல் அந்த இடமே அழுகிவிடும். அதற்கும் அவரிடமே போங்கள். அடிக்கடி ஒட்டினால் உண்ணியோ நோயோ இருக்கலாம்.

நம் ஊர்ச் சாரைப்பாம்பையும் நட்சத்திர ஆமையையும் வளர்க்க 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் இடம் தராது. இகுவானா போன்ற அயல்நாட்டுப் பிராணிகளையும் பதிவு செய்தாக வேண்டும். பழைய குமாஸ்தா சொல்கிறேன்: காகிதம் சரியாக இருந்தால் மட்டும் போதாது, கூண்டில் ஈரமும் வேண்டும். அதைத் தினமும் கவனிக்க நேரமில்லாதவர் வாங்காமல் இருப்பதே அந்தப் பிராணிக்குச் செய்யும் உதவி.